குறைந்த சூட்டில்

சீட்டின் தலைப்பில் 'சுலபம்' என்று போட்டிருந்தது.
சுலபம்தான்.
முந்தின ராத்திரி ஊறப்போட்ட மஞ்சள்கண் பீன்ஸ்,
சாயங்காலம் நன்றாக ஒரு கொதி.
ஒன்றைக் கரண்டியில் எடுத்து ஊதினால்
தோல் சுருண்டு விலக வேண்டும்.
விலகியது.

வெங்காயம் ஒன்று, நறுக்காமல்.
உப்பிட்ட பன்றிக்கொழுப்பு உள்ளங்கையளவு, கீறிவிட்டு.
கடுகுப்பொடி.
பிறகு மொலாசஸ்:
மெய்ன் மாநிலத்து ஜனவரியில்
அது புட்டியை விட்டு வர யோசிக்கிறது.
கவிழ்த்துப் பிடிக்க ஒரு குவளையை முட்டுக்கொடுத்துவிட்டு
பூட்ஸ் நாடா கட்டினேன்.
இரண்டு காலும் கட்டி நிமிர்ந்தபோது
சட்டிக்குள் ஒரு கரண்டி இறங்கியிருந்தது,
கறுப்பாக,
அவசரம் என்னுடையது மட்டும் என்பதுபோல.

குக்கரின் குமிழ் எப்போதோ உடைந்துவிட்டது.
இடுக்கியால் திருகி 'லோ'வில் வைத்தேன்.
அதற்கு எட்டு மணி நேரம்.
எனக்கும் எட்டு மணி நேரம்,
நகராட்சியின் ஆறாம் நம்பர் பனிவாரி வண்டியில்.

ஆற்றோரச் சாலை, மில் தெரு, மயானத்து வளைவு,
மறுபடி ஆற்றோரச் சாலை.
வாரிய இடத்திலேயே பெய்கிறது.
யாரும் எனக்குக் கைகாட்டுவதில்லை இந்த வேலையில்;
காட்டினாலும் ஐந்து விரலும் இருக்காது.
எதிர்வீட்டு மெர்ட்டன் பிளேஸ்டட்
ஐந்து குளிர்காலமாகப் புகார் எழுதுகிறார்:
'என் வாசலில் பனியைக் கொட்டுகிறாள்,
வேண்டுமென்றே.'
வேண்டுமென்று இல்லை.
வண்டியின் தகடு வலப்பக்கம்தான் தள்ளும்.
அவர் வீடு வலப்பக்கம் இருக்கிறது.

இரண்டு பத்துக்கு
மில் தெரு முழுக்க ஒரே இமையாய் மூடியது.
கம்பி அறுந்திருக்கும்.
மருத்துவமனையை நினைக்கவில்லை நான்,
முதியோர் விடுதியையும் நினைக்கவில்லை,
அதை எண்ணி இப்போது கொஞ்சம் கூச்சம்.
சட்டிதான் கண்ணுக்குள் நின்றது:
ஐந்து மணி நேரம் வெந்து
நடுவில் நின்றுபோன பீன்ஸ்
கல்லுமில்லை, சோறுமில்லை.
மூடியைத் திறக்காதே, திறந்தால் சூடு போய்விடும் என்று
சீட்டில் இருந்தது.
கரண்ட் போனால் என்ன செய்வதென்று இல்லை.

விடியுமுன் வீடு திரும்பினேன்.
விளக்குப் போடாத தெரு.
எங்கோ ஒரு ஜெனரேட்டர் இருமிக்கொண்டிருந்தது.
வண்டி வெளிச்சத்தில்
பனியின் மேல் ஆரஞ்சு நிறத்தில் ஒரு கோடு:
மெர்ட்டனின் வாசலில் நான் குவித்த மேட்டில் ஏறி,
இறங்கி,
சாலையைக் குறுக்கே கடந்து
என் சமையலறை ஜன்னலின் விளிம்பில் நுழைந்த
ஒயர்.
(அதன்மேல் நான் மூன்று மணிக்கு
தகட்டை ஓட்டியிருந்தால்?
அவர் மூன்றுக்கு மேல்தான் இழுத்திருக்க வேண்டும்.
காத்திருந்திருக்க வேண்டும்
என் வண்டி கடந்து போகட்டும் என்று.)

பூட்டாத கதவு. நீராவியில் வேர்த்த மூடி.
என் புகார்ச் சீட்டுகளைப் போலவே
கோணல்மாணலான பெரிய எழுத்தில் ஒரு தாள்:
'ஒன்பது மணியிலிருந்து வாசனை வந்துகொண்டே இருந்தது.
பாழாக விட மனசில்லை.
உப்பு போதவில்லை. போட்டேன்.'

மூடியைத் திறந்திருக்கிறார்.

ஒன்றை எடுத்து ஊதினேன்.
தோலைக் காணோம்,
ஏற்கெனவே கரைந்துபோயிருந்தது.
நாக்கில் அழுத்தியதும் மாவாகி,
பின்னால் மெல்ல அந்தக் கறுப்பு இனிப்பு.
உப்பு சரியாகத்தான் இருந்தது.
எரிச்சலாகவும் இருந்தது.

பெரிய கிண்ணம் நிறைய அள்ளி
ஒயரைப் பிடித்தபடியே சாலையைக் கடந்தேன்.
அந்தப் பக்கம் மேடு,
இடுப்பளவு, இறுகி,
நானே செய்தது.
பாதி ஏறியதும் வழுக்கியது.
கிண்ணம் தப்பியது, முழங்கால் தப்பவில்லை.

கதவருகில் மண்வெட்டியோடு நின்றிருந்தார் மெர்ட்டன்.
"பார்த்தாயா" என்றார்.